பல அணி பார்த்த பிட்சரின் பதிவேட்டைப் படிப்பது எப்படி

எட்வின் ஜாக்சன் 2003 முதல் 2019 வரை, வட அமெரிக்காவின் உச்ச நிலைப் போட்டியான மேஜர் லீக் பேஸ்பாலில் 14 அணிகளுக்குப் பிட்சராக, அதாவது பந்துவீச்சாளராக, ஆடினார். அவருக்கு முன் யாரும் அந்த எண்ணைத் தொட்டதில்லை. 2025-ல் கன்சாஸ் சிட்டி ராயல்ஸ் சட்டையோடு களமிறங்கிய ரிச் ஹில்தான் அவருக்குச் சமமாக வந்தார். ஜாக்சனின் மொத்தக் கணக்கு 107 வெற்றி, 133 தோல்வி, ஈ.ஆர்.ஏ. (ஒன்பது இன்னிங்ஸுக்கு அவர் கணக்கில் சேரும் ஓட்டங்களின் சராசரி) 4.78. இந்த ஒற்றை வரியைப் பார்த்தவர், எந்த அணியும் வைத்துக்கொள்ள விரும்பாத ஆள் என்று முடிவுகட்டிவிடுவார். ஆனால் விரும்பாத ஆளைப் பதினான்கு நிர்வாகங்கள் ஏன் கூப்பிட்டன? இந்தக் கேள்விக்கு ஈ.ஆர்.ஏ. பதில் சொல்லாது. இடமாற்றப் பட்டியலைப் படிக்கத் தெரிந்தவருக்குப் பதில் கிடைக்கும்.

ஓரணியிலும் வேர்விடாமல், லீக்கை விட்டும் போகாமல், பத்துப் பதினைந்து வருடம் பிழைத்திருக்கும் வீரரை ஜர்னிமேன் என்பார்கள். பிட்சர்களில் இந்த வகை மிக அதிகம். கையில் காயம் வந்துகொண்டே இருக்கும், அணிகளுக்குப் புதுக் கை தேவைப்பட்டுக்கொண்டே இருக்கும். இத்தகைய ஒருவரின் பதிவை எந்த வரிசையில் படிக்க வேண்டும், எந்தச் சொல் எதைக் குறிக்கிறது, எங்கே ஏமாறுவோம் என்பதைத்தான் இங்கே பார்க்கப்போகிறோம்.

முதலில் திறக்க வேண்டியது எது

எந்த வீரரின் பக்கத்திலும் இரண்டு பட்டியல்கள் இருக்கும். ஒன்று ஆண்டுவாரிப் புள்ளிவிவரம், மற்றது தேதிவாரி இடமாற்றம். எல்லோரும் முதலாவதிலேயே நின்றுவிடுகிறார்கள். இரண்டாவதிலிருந்து தொடங்குங்கள். ஒரு தாளில் இடப்பக்கம் தேதி, நடுவில் வினைச்சொல், வலப்பக்கம் அணி என்று மூன்று பத்தி போட்டு எழுதிக்கொண்டால் போதும். வினைச்சொல்தான் சாவி.

அதற்கு முன் இரண்டு எண்கள் மனதில் இருக்க வேண்டும். ஒவ்வோர் அணிக்கும் 40 பேர் கொண்ட பெரிய பட்டியல் ஒன்று உண்டு. அதற்குள் 26 பேர்தான் அன்றாடம் களத்தில் இருப்பவர்கள். செப்டம்பரில் மட்டும் 28. அந்த 26-ல் பிட்சர்கள் 13 பேருக்கு மேல் கூடாது என்ற விதி 2022 ஜூனில் நடைமுறைக்கு வந்தது. 40-க்குள் இருப்பவர், 26-க்குள் இருப்பவர், இரண்டிலும் இல்லாமல் மைனர் லீக் (மேஜருக்குக் கீழே உள்ள லீக்குகள்) ஒப்பந்தத்தில் இருப்பவர் என மூன்று படிகள். ஜர்னிமேனின் வாழ்க்கை என்பது இந்த மூன்று படிகளில் ஏறி இறங்குவதுதான். பட்டியலின் ஒவ்வொரு வினைச்சொல்லும் எந்தப் படியிலிருந்து எந்தப் படிக்கு நகர்ந்தார் என்பதைத்தான் சொல்கிறது.

வினைச்சொற்கள்

‘ஆப்ஷன்ட்’ என்றால் 40-க்குள் இருந்தபடியே மைனர் லீக்குக்கு இறக்கப்பட்டார். இடம் போகவில்லை, ஊர்தான் மாறியது. அவரைத் திரும்ப ஏற்றினால் ‘ரீகால்ட்’ என்று வரும். இந்த இரண்டு சொற்களும் ஒரு ஜோடி. பட்டியல் முழுக்க இவை மாறி மாறி வந்தால் அணிக்கு அவர் மேல் கோபம் என்று அர்த்தமில்லை. வசதியான ஆள் என்று அர்த்தம்.

‘செலக்டட்’ வேறு கதை. 40-க்கு வெளியே மைனர் ஒப்பந்தத்தில் இருந்தவரை உள்ளே கொண்டுவந்திருக்கிறார்கள். ஓர் இடத்தைக் காலி செய்துதான் அதைச் செய்ய முடியும் என்பதால், அதே நாளில் வேறொருவர் பெயரும் பட்டியலில் அடிபடும். ரீகாலையும் செலக்டையும் ஒன்றாக எண்ணிவிட்டால் மீதி எல்லாமே தப்பாகிவிடும். முதலாவது ஏற்கெனவே வீட்டுக்குள் இருப்பவரைக் கூடத்துக்கு அழைப்பது. இரண்டாவது தெருவில் நிற்பவருக்குக் கதவு திறப்பது.

‘டெசிக்னேட்டட் ஃபார் அசைன்மென்ட்’, பேச்சு வழக்கில் டி.எஃப்.ஏ. அந்தக் கணமே 40-லிருந்து பெயர் நீக்கப்படும். அடுத்த 7 நாளுக்குள் அணி அவரை வேறோர் அணிக்குக் கொடுக்கலாம், வேவர்ஸில் விடலாம், அல்லது விடுவிக்கலாம். வேவர்ஸ் என்பது மற்ற 29 அணிகளுக்கும் விடும் அழைப்பு. அதிகம் தோற்றிருக்கும் அணிக்கு முதல் உரிமை. யாராவது கை தூக்கினால் ‘க்ளெய்ம்ட் ஆஃப் வேவர்ஸ்’ என்று பதிவாகும். பழைய ஒப்பந்தத்தோடு நேராகப் புது அணியின் 40-க்குள் போய்விடுவார். வரிசையில் பின்னால் நிற்கும் அணிக்கு அவர் கட்டாயம் வேண்டுமென்றால், வேவர்ஸுக்கு வரும் முன்பே கொஞ்சம் பணம் கொடுத்து வாங்கிவிடும். பட்டியலில் ‘ரொக்கத்துக்காக’ என்று ஒரு வியாபாரம் தெரிந்தால், அவமானம் என்று நினைக்க வேண்டாம். வரிசையில் காத்திருக்க மனமில்லாத ஒருவர் முந்திக்கொண்டார், அவ்வளவுதான். 2019 மே மாதம் ஓக்லாண்டிடமிருந்து ஜாக்சனை டொரொன்டோ வாங்கியதும் ரொக்கத்துக்குத்தான்.

யாரும் கை தூக்காவிட்டால் ‘அவுட்ரைட்டட்’. 40-க்கு வெளியே, அதே அணியின் மைனர் லீக்கில். முதல் தடவை என்றால், மேஜர் லீக் சேவை (மேலே இருந்த நாட்களின் மொத்தம்) மூன்று ஆண்டு நிறையாதவர் மறுக்க முடியாது. இரண்டாம் தடவையிலிருந்து, அல்லது மூன்றாண்டு சேவை இருந்தால், ‘எலெக்டட் ஃப்ரீ ஏஜென்சி’ என்று சொல்லிவிட்டு வெளியேறலாம். இந்தச் சொல்லைப் பார்த்ததும் வீரர் கோபித்துக்கொண்டு போய்விட்டார் என்று எழுதுபவர்கள் உண்டு. பெரும்பாலும் அது ஒரு கணக்கு. வரிசையில் நான்கு பேர் காத்திருக்கும் அணியை விட, இருவருக்குக் காயமான அணிக்குப் போனால் மேலே ஏறும் வாய்ப்பு கூடும். சில நேரம் வெளியேறிய இரண்டே நாளில் அதே அணியோடு மறுபடி ஒப்பந்தம் போட்டிருப்பார்கள்.

ஆப்ஷன் எண்ணிக்கை

ஜர்னிமேன் உருவாகும் இடம் இதுதான், ஆகவே கொஞ்சம் நிதானமாகப் பார்ப்போம்.

40-க்குள் வந்த வீரரை மைனருக்கு இறக்க அணிக்கு மூன்று ஆப்ஷன் ஆண்டுகள் உண்டு. கவனிக்க வேண்டியது, மூன்று தடவை அல்ல, மூன்று ஆண்டு. ஒரே சீசனில் நான்கு முறை இறக்கினாலும் செலவாவது ஓர் ஆண்டுதான். அதுவும் மைனரில் மொத்தம் 20 நாளாவது இருந்தால்தான் அந்த ஆண்டு கழியும். 20-க்குக் குறைந்தால் ஆப்ஷன் அப்படியே மிஞ்சும், கீழே இருந்த நாட்களும் மேஜர் லீக் சேவையாகவே கணக்கில் சேரும். 2022-லிருந்து ஒரு சீசனில் ஐந்து முறைக்கு மேல் இறக்கினால் வேவர்ஸ் வழியாகத்தான் போக வேண்டும். இறக்கப்பட்ட பிட்சர் குறைந்தது 15 நாள் கீழே இருக்க வேண்டும். யாராவது காயமடைந்து அவர் இடத்துக்கு வந்தால் மட்டும் விலக்கு.

மூன்றும் தீர்ந்த பிறகு அவரை இறக்க ஒரே வழி வேவர்ஸ். அதனால் ஆப்ஷன் உள்ள 24 வயதுப் பிட்சரும், அதே திறமையோடு ஆப்ஷன் தீர்ந்த 28 வயதுப் பிட்சரும் சமமல்ல. முதலாமவர் ஒரே அமைப்புக்குள் மேலும் கீழும் போய் வருவார், பட்டியலில் அணிப் பெயர் மாறாது. இரண்டாமவர் ஒவ்வொரு முறை இடமில்லாமல் போகும்போதும் வேறு அணிக்குப் போவார். வெளியிலிருந்து பார்ப்பவருக்கு 28 வயதில் திடீரென்று அவர் கை கெட்டுப்போனதுபோல் தோன்றும். கையில் மாற்றமே இல்லை, கணக்கு தீர்ந்துவிட்டது.

இதைச் சோதிக்க எளிய வழி: அவர் 40-க்குள் முதலில் வந்த ஆண்டைக் குறித்துக்கொள்ளுங்கள். அதிலிருந்து ‘ஆப்ஷன்ட்’ வந்த ஒவ்வோர் ஆண்டுக்கும் ஒரு கோடு போடுங்கள். மூன்றாவது கோட்டுக்குப் பிறகு அணிப் பெயர்கள் அடுக்கடுக்காக மாறத் தொடங்குகின்றனவா என்று பாருங்கள். பெரும்பாலும் தொடங்கியிருக்கும். மார்ச் கடைசி வாரத்தில் வேவர்ஸ் பட்டியல் நீளமாக இருப்பதும் இதனால்தான். வசந்தகாலப் பயிற்சி முடிந்து 26 பேரைத் தேர்ந்தெடுக்கும்போது, ஆப்ஷன் இல்லாதவர்களை ஒளித்துவைக்க இடமிருக்காது. சிலருக்கு நான்காவது ஆப்ஷன் ஆண்டு கிடைப்பதும் உண்டு. தொழில்முறையில் ஐந்து முழு சீசன் நிறையாத வீரர்களுக்கு, அதாவது காயத்தால் காலம் போனவர்களுக்குத்தான் பெரும்பாலும் இது வாய்க்கும். கோடு நான்கானால் குழம்ப வேண்டாம்.

ஒரு சீசனை அருகில் வைத்துப் பார்ப்போம்

கற்பனையான ஒரு பிட்சர், வயது 30, மேஜர் லீக் சேவை ஒன்றரை ஆண்டு. அவருடைய ஒரு வருடம் இப்படி வருகிறது என்று வைத்துக்கொள்வோம். நவம்பரில் மைனர் லீக் ஒப்பந்தம், வசந்தகாலப் பயிற்சிக்கு அழைப்பு. மார்ச் 27 டிரிபிள்-ஏ (மைனர் லீக்கின் மேல்படி) அணிக்கு. மே 9 செலக்டட். மே 11 ஆப்ஷன்ட். மே 30 ரீகால்ட். ஜூன் 2 டி.எஃப்.ஏ. ஜூன் 6 வேறோர் அணி க்ளெய்ம். ஜூன் 7 ஆப்ஷன்ட். ஆகஸ்ட் 14 டி.எஃப்.ஏ. ஆகஸ்ட் 17 அவுட்ரைட்டட். சீசன் முடிந்ததும் ஃப்ரீ ஏஜென்சி.

மேலோட்டமாகப் பார்த்தால் துரத்தியடிக்கப்பட்டவர். இப்போது படியுங்கள். மே 9-ல் 40-க்குள் ஓர் இடம் காலி செய்து இவரை ஏற்றியிருக்கிறார்கள். இரண்டே நாளில் இறக்க முடிந்தது என்றால் இவருக்கு இன்னும் ஆப்ஷன் மிச்சமிருக்கிறது. 30 வயதில் அது பெரிய சொத்து. ஜூன் 6-ல் எடுத்த அணி மறுநாளே இறக்கியதைக் கவனியுங்கள். அவர்கள் வாங்கியது இன்றைய ஆட்டத்துக்கான பிட்சரை அல்ல. அவசரத்துக்கு வேண்டும் என்று பெட்டியில் போட்டுவைக்கும் உபரிக் கையை. ஜூன் 7 முதல் ஆகஸ்ட் 14 வரை கீழே இருந்ததால் ஆப்ஷன் ஆண்டு கழிந்துவிட்டது. அது கடைசி ஆண்டாக இருந்தால், ஆகஸ்டில் இவரை யாரும் க்ளெய்ம் செய்யாததற்கும் அதுவே காரணமாக இருக்கலாம். அடுத்த வருடம் இவரை மேலும் கீழும் நகர்த்த முடியாது என்று 29 அணிகளுக்கும் தெரியும்.

இனி மே 9-க்கு முந்தைய நாள் அந்த அணியின் ஸ்கோர்கார்டைத் திறக்க வேண்டும். இந்தப் படியைப் பெரும்பாலோர் விட்டுவிடுகிறார்கள். தொடங்கிய பிட்சர் முதல் இன்னிங்ஸிலேயே காயமடைந்து, மீதி எட்டு இன்னிங்ஸையும் ஆறு ரிலீவர்கள் (இடையில் வந்து வீசும் மாற்றுப் பிட்சர்கள்) பகிர்ந்திருப்பார்கள். மறுநாள் வீச ஆளில்லை. அதனால்தான் இவர் ஏற்றப்பட்டார். வந்த அன்றே 3 இன்னிங்ஸ், 50 பந்து, ஓட்டமே கொடுக்கவில்லை என்று வையுங்கள். 50 பந்து போட்ட கை அடுத்த இரண்டு மூன்று நாளுக்கு உதவாது. பிட்சர் இடம் பதின்மூன்றுதான், எனவே அவரை இறக்கிவிட்டு ஓய்வெடுத்த வேறு கையை ஏற்றுவார்கள். நன்றாக வீசியதற்கான பரிசு திரும்பும் டிக்கெட். கெட்ட பழக்கம்தான், ஆனால் விதி அப்படி.

புள்ளிவிவரத்துக்கு வருவோம்

இன்னிங்ஸ் பத்தியில் வரும் புள்ளி, தசமப் புள்ளி இல்லை. 9.1 என்றால் 9 இன்னிங்ஸும் ஓர் அவுட்டும், அதாவது ஒன்பதும் மூன்றில் ஒரு பங்கும். 9.2 என்றால் இரண்டு அவுட். கிரிக்கெட்டில் 9.1 ஓவர் என்று எழுதுவதுபோல. கால்குலேட்டரில் 9.1 என்றே தட்டினால் விடை தப்பும், 9.333 என்று போட வேண்டும்.

ஒரு கெட்ட மாலை எவ்வளவு சேதம் செய்யும் என்பதையும் இதிலேயே பார்த்துவிடலாம். ஒரு ரிலீவர் 9 இன்னிங்ஸில் 2 ஓட்டம் கொடுத்திருக்கிறார், ஈ.ஆர்.ஏ. 2.00. அடுத்த நாள் ஓர் அவுட் எடுப்பதற்குள் 6 ஓட்டம் போகிறது. இப்போது 8 ஓட்டம், 9.1 இன்னிங்ஸ். 8 பெருக்கல் 9, வகுத்தல் 9.333. விடை 7.71. மறுநாள் டி.எஃப்.ஏ. ஆனால், வருடக் கணக்கில் அந்த அணிக்கு எதிரே 7.71 என்று காலத்துக்கும் நிற்கும். ஜர்னிமேனின் பக்கத்தில் ஓர் அணிக்கு 10, 12 இன்னிங்ஸ் என்று துண்டு துண்டாக இருக்கும் ஈ.ஆர்.ஏ.க்களைத் தனித்தனியாகப் படிக்கவே கூடாது. இரண்டு மூன்று வருடத்தை, மைனர் லீக்கையும் சேர்த்து, குறைந்தது 100 இன்னிங்ஸ் வரும்வரை கூட்டிப் பாருங்கள்.

கூட்டிய பிறகு பார்க்க வேண்டியது எஃப்.ஐ.பி. பீல்டர்கள் பிடித்ததையும் விட்டதையும் ஒதுக்கிவிட்டு, பிட்சரின் கையில் மட்டுமே இருக்கும் ஹோம் ரன் (எல்லைக்கு வெளியே அடிக்கப்பட்டது), வாக் (நான்கு தவறான பந்தால் அடிப்பவருக்கு இலவசமாகக் கிடைக்கும் தளம்), பந்துபட்டது (அடிப்பவர் மேல் பந்து பட்டது), ஸ்ட்ரைக்கவுட் (மூன்று ஸ்ட்ரைக்கில் அவுட்) ஆகியவற்றை வைத்துப் போடும் கணக்கு. ஹோம் ரன்னை 13-ஆல் பெருக்கு. வாக்கையும் பந்துபட்டதையும் கூட்டி 3-ஆல் பெருக்கு. இரண்டையும் சேர்த்து, ஸ்ட்ரைக்கவுட்டின் இரண்டு மடங்கைக் கழி. வந்ததை இன்னிங்ஸால் வகுத்து, ஏறக்குறைய 3.10 சேர். கடைசி எண் வருடத்துக்கு வருடம் சிறிது மாறும்.

60 இன்னிங்ஸ், 6 ஹோம் ரன், வாக்கும் பந்துபட்டதும் சேர்த்து 24, ஸ்ட்ரைக்கவுட் 60 என்று ஒருவர். 78 கூட்டல் 72 கழித்தல் 120, மிச்சம் 30. 60-ஆல் வகுத்தால் 0.50. எஃப்.ஐ.பி. 3.60. அதே ஆள் 34 ஓட்டம் கொடுத்திருந்தால் ஈ.ஆர்.ஏ. 5.10. இந்த ஒன்றரைப் புள்ளி இடைவெளியில்தான் அடுத்த ஒப்பந்தம் இருக்கிறது. அடுத்த அணியின் ஆய்வுக் குழு பார்ப்பது 3.60-ஐ. ரிலீவர் விஷயத்தில் இடைவெளிக்கு இன்னொரு காரணமும் உண்டு. அவர் தளங்களில் விட்டுச்சென்ற ஓட்டக்காரர்களை அடுத்து வந்தவர் ஓட விட்டால், ஓட்டம் இவர் பெயரில்தான் ஏறும். இவர் மற்றவருடையதை ஓட விட்டால், இவர் பக்கம் சுத்தமாகவே இருக்கும். ஆகவே ஈ.ஆர்.ஏ. 2.50 என்று மினுங்கும் ரிலீவரையும் சந்தேகத்தோடு பாருங்கள்.

மைனர் லீக் எண்களுக்கு இடம் தெரிய வேண்டும். டிரிபிள்-ஏயில் பசிபிக் கோஸ்ட் லீக் அணிகள் பல மேட்டு நிலத்தில் இருக்கின்றன. அல்புகர்க்கி கடல்மட்டத்திலிருந்து 5,000 அடிக்கு மேல். ரீனோ, சால்ட் லேக் இரண்டும் 4,000-க்கு மேல். காற்று மெலிவாக இருப்பதால் சுழலும் பந்து குறைவாக வளையும், அடிபட்ட பந்து தூரம் போகும். அங்கே 5.00 ஈ.ஆர்.ஏ. என்பது வேறிடத்தில் வரும் 5.00 அல்ல. வளைவுப் பந்தை நம்பிய பிட்சருக்கு அங்கே போவது தண்டனை மாதிரி. இன்னொன்று, 2019-ல் டிரிபிள்-ஏ மேஜர் லீக் பந்துக்கு மாறியது. அந்த ஆண்டு ஹோம் ரன் எகிறியது. 2018-ல் 3.40 இருந்தவர் 2019-ல் 4.90 ஆனால் உடனே வயதைக் குறை சொல்லாதீர்கள்.

காயக் கோடுகள்

பிட்சர்களுக்குக் காயப் பட்டியல் 15 நாள், கடுமையானது 60 நாள். 60 நாள் பட்டியலுக்குப் போனவர் 40-ல் இடம் எடுத்துக்கொள்ள மாட்டார். ஆனால் அவருக்குச் சம்பளமும் சேவை நாளும் ஓடிக்கொண்டே இருக்கும். சீசன் முடிந்து நவம்பரில் அவரை மறுபடி 40-க்குள் சேர்த்தாக வேண்டும். இளம் வீரர்களை ரூல் 5 டிராஃப்டிலிருந்து (40-க்கு வெளியே உள்ளவர்களை மற்ற அணிகள் எடுத்துக்கொள்ளும் தேர்வு) காப்பாற்ற அவர்களையும் 40-க்குள் ஏற்ற வேண்டியதும் அதே நவம்பரில்தான். இரண்டு கூட்டமும் ஒரே வாசலில் முட்டும்போது வெளியே தள்ளப்படுவது ஜர்னிமேன். நவம்பர் டி.எஃப்.ஏ.க்கும் ஜூன் டி.எஃப்.ஏ.க்கும் உள்ள வித்தியாசம் இதுதான். ஜூனில் பந்துவீச்சைப் பார்த்து முடிவெடுக்கிறார்கள், நவம்பரில் நாற்காலியை எண்ணி.

காயத்திலிருந்து திரும்பும் பிட்சரை 30 நாள்வரை மைனரில் வீச வைக்கலாம். ‘ரீஹாப் அசைன்மென்ட்’ என்று இருக்கும். அந்த இன்னிங்ஸ்களை மொத்தக் கணக்கிலிருந்து நீக்கிவிடுங்கள். ஒரே வகைப் பந்தை மட்டும் சோதிக்கச் சொல்லியிருப்பார்கள், அடிபட்டாலும் கவலைப்பட மாட்டார்கள்.

ஒரு முழு ஆண்டு வெறுமையாக இருந்தால் பெரும்பாலும் டாமி ஜான் அறுவைசிகிச்சை. 1974-ல் டாக்டர் ஃபிராங்க் ஜோப் முதலில் செய்தது. முழங்கையில் எலும்புகளை இணைக்கும், கிழிந்துபோன பிணைநாருக்குப் பதில் வேறோர் இடத்துத் தசைநாணை வைத்துக் கட்டுவது. திரும்ப 12 முதல் 18 மாதம். ஏப்ரலில் செய்துகொண்டவர் அடுத்த வருடம் பாதியில் வந்துவிடலாம். செப்டம்பரில் செய்துகொண்டவருக்கு அடுத்த வருடம் மொத்தமும் போகும். தேதியைப் பாருங்கள், வெற்று ஆண்டின் எண்ணிக்கையை அல்ல.

வெளிநாடும் சுயேச்சை லீக்கும்

டிசம்பரில் ‘ரிலீஸ்ட்’ என்று இருந்து, ஒரு வாரத்தில் ஜப்பான் அல்லது கொரிய அணியின் பெயர் வந்தால், அது விலக்கம் இல்லை, விற்பனை. ஆசிய அணி கொடுக்கும் தொகையைப் பெற்றுக்கொண்டு இங்குள்ள அணி வீரரை விட்டிருக்கும். கொரிய லீக்கில் புதிதாக வரும் வெளிநாட்டு வீரருக்கு முதலாண்டு உச்சவரம்பு 10 லட்சம் டாலர். டிரிபிள்-ஏக்கும் மேஜருக்கும் நடுவே ஊசலாடும் ஒருவருக்கு அது உறுதியான பணம், கூடவே ஐந்து நாளுக்கு ஒருமுறை தவறாமல் வீசும் வாய்ப்பு. மெரில் கெல்லி மேஜர் லீக்கில் ஒரு பந்துகூடப் போடாமல் 2015 முதல் 2018 வரை அங்கே வீசினார். 2019-ல் அரிசோனாவுக்காக முதல் மேஜர் லீக் ஆட்டம் ஆடியபோது வயது 30. 2023 வேர்ல்ட் சீரிஸின் (மேஜர் லீக் இறுதித்தொடர்) இரண்டாம் ஆட்டத்தை வென்றவர் அவர்தான். எரிக் ஃபெட்டி 2023-ல் என்.சி. டைனோஸுக்கு 20 ஆட்டம் வென்றுவிட்டு, இரண்டாண்டுக்கு 1.5 கோடி டாலர் ஒப்பந்தத்தோடு சிகாகோ ஒயிட் சாக்ஸில் சேர்ந்து மேஜர் லீக்குக்குத் திரும்பினார். ஆகவே பக்கத்தின் நடுவே வரும் ஆசிய வருடங்களை இடைவெளி என்று தாண்டிப் போகாதீர்கள். அங்கே புதிதாக என்ன பந்து கற்றார், இன்னிங்ஸ் எண்ணிக்கை எவ்வளவு ஏறியது என்று பாருங்கள்.

அட்லாண்டிக் லீக் போன்ற சுயேச்சை லீக்குகள் எந்த மேஜர் அணிக்கும் சேராதவை. அங்கே நீண்ட நாள் இருப்பது நல்ல அறிகுறி அல்ல. குறுகிய காலம் நின்றால் அது கடை விரித்ததற்குச் சமம். ரிச் ஹில் 2015-ல் 35 வயதில் லாங் ஐலண்ட் டக்ஸுக்கு ஆடியது இரண்டே ஆட்டம்: 11 இன்னிங்ஸ், 21 ஸ்ட்ரைக்கவுட். பாஸ்டன் எடுத்துக்கொண்டது. அங்கே அணியின் பகுப்பாய்வாளர் பிரையன் பேனிஸ்டர் சொன்ன யோசனைப்படி வளைவுப் பந்தை வெகுவாகக் கூட்டினார். செப்டம்பரில் நான்கு ஆட்டம், 29 இன்னிங்ஸ், 36 ஸ்ட்ரைக்கவுட், 5 வாக், ஈ.ஆர்.ஏ. 1.55. குளிர்காலத்தில் ஓக்லாண்ட் ஓராண்டுக்கு 60 லட்சம் டாலர் கொடுத்தது. அடுத்த குளிர்காலத்தில் டாட்ஜர்ஸ் மூன்றாண்டுக்கு 4.8 கோடி. நூறு இன்னிங்ஸ் வரும்வரை நம்பாதே என்று மேலே சொன்னதற்கு இது எதிர்வாதம்போல் தெரியும். வித்தியாசம் என்னவென்றால், இங்கே எண் மட்டும் மாறவில்லை, வீசும் பந்தின் கலவையே மாறியது. சின்ன மாதிரியில் நம்ப வேண்டிய ஒரே விஷயம் அதுதான். ஈ.ஆர்.ஏ. இறங்கியிருக்கிறது, ஆனால் வேகமும் பந்து வகையும் பழையபடியே இருக்கின்றன என்றால், அதிர்ஷ்டம் என்று ஓரமாகக் குறித்துவையுங்கள்.

பணமும் சேவை நாளும்

சேவையை 2.045 என்று எழுதுவார்கள். இதுவும் தசமம் இல்லை. இரண்டு ஆண்டு, 45 நாள். 172 நாள் சேர்ந்தால் ஓர் ஆண்டு. 43 நாள் சேர்ந்தால் ஓய்வூதிய உரிமை தொடங்கும். மூன்று ஆண்டில் சம்பளத்தை நடுவர் முன் கோரும் உரிமை, ஆறில் எந்த அணிக்கும் போகும் முழுச் சுதந்திரம், பத்தில் முழு ஓய்வூதியம். 41, 42 நாளில் தொங்கிக்கொண்டிருக்கும் ஒருவரைக் கடைசி வாரத்தில் ஏற்றியிருந்தால், ஆட்டத்தின் தேவையை மட்டும் தேட வேண்டாம். நல்ல மனதுள்ள மேனேஜர்களும் உண்டு.

2024-ல் மேஜர் லீக் குறைந்தபட்சச் சம்பளம் 7,40,000 டாலர். சீசன் நாட்களால் வகுத்தால் ஒரு நாளைக்கு ஏறக்குறைய 4,000. 2023-ல் வந்த மைனர் லீக் ஒப்பந்தப்படி டிரிபிள்-ஏயில் ஓராண்டுக்கே குறைந்தபட்சம் 35,800. ஆக, மேலே ஒன்பது நாள் இருந்தால் கீழே ஒரு வருடம் உழைத்ததற்குச் சமம். மேலே கண்ட கற்பனைப் பிட்சர் மே 9, 10, பிறகு 30, 31, ஜூன் 1 என்று குறைந்தது ஐந்து நாள் மேலே இருந்தார்; அந்த ஐந்து நாளுக்கே 20,000 டாலர். 40-க்குள் இருந்தபடி மைனரில் ஆடும் நாட்களுக்கும் தனி விகிதம் உண்டு, சாதாரண டிரிபிள்-ஏ சம்பளத்தை விட அதிகம். நவம்பரில் முப்பது வயதுக்காரர் எந்த அணியைத் தேர்ந்தெடுக்கிறார் என்பதை இந்தக் கணக்கோடு சேர்த்துப் பார்த்தால்தான் புரியும். பெயர்பெற்ற அணியை விட, ரிலீவர் பஞ்சமுள்ள அணி அவருக்கு லாபம். ஒப்பந்தத்தில் ‘ஆப்ட்-அவுட்’ தேதி இருக்கிறதா என்றும் தேடுங்கள். அந்தத் தேதிக்குள் ஏற்றாவிட்டால் வெளியேறலாம் என்ற நிபந்தனை அது. ஜூன் முதல் வாரத்தில் மைனர் லீக்கிலிருந்து பழைய பெயர்கள் திடீரென விடுபடுவதற்குப் பின்னால் பெரும்பாலும் இதுதான் இருக்கும்.

பெரிய ஒப்பந்தம் போட்டவர் நடுவில் விடுவிக்கப்பட்டால் கணக்கு தலைகீழாகும். சிகாகோ கப்ஸ் ஜாக்சனுக்கு 2013 முதல் நான்காண்டுக்கு 5.2 கோடி டாலர் ஒப்பந்தம் போட்டு 2015 ஜூலையில் விட்டது. மிச்சச் சம்பளம் கப்ஸ் தலையில்; அவரை எடுத்த அட்லாண்டாவுக்குக் குறைந்தபட்சச் சம்பளம்தான் செலவு. இப்படி மலிவாகக் கிடைக்கும் அனுபவசாலியை இரண்டு மூன்று அணிகள் மாறி மாறிச் சோதித்துப் பார்க்கும். அதனால் பெரிய ஒப்பந்தத்தின் கடைசி ஆண்டுகளில் அணிப் பெயர்கள் குவியும்.

அணிகளை எண்ணும்போது

வீரர் அந்தச் சட்டையில் ஒரு பந்தாவது போட்டிருந்தால்தான் அணி எண்ணிக்கையில் சேரும். 40-க்குள் இருந்து ஒருநாளும் ஏறாத அணிகள், வசந்தகாலத்தில் மட்டும் இருந்த அணிகள், வாங்கியவுடன் விற்ற அணிகள் எல்லாம் இடமாற்றப் பட்டியலில் மட்டும் தெரியும். 2011 ஜூலை 27 அன்று ஒயிட் சாக்ஸ் ஜாக்சனை டொரொன்டோவுக்குக் கொடுத்தது. டொரொன்டோ அதே நாளில் செயின்ட் லூயிஸுக்கு அனுப்பிவிட்டது. அந்த ஆண்டு வேர்ல்ட் சீரிஸ் மோதிரம் செயின்ட் லூயிஸில் கிடைத்தது. டொரொன்டோ கணக்கில் வரவில்லை. எட்டு வருடம் கழித்து, 2019 மே மாதம், ரொக்கத்துக்கு வாங்கி டொரொன்டோ அவரைப் பந்து வீசும் மேட்டில் ஏற்றியபோதுதான் அது அவருடைய பதினான்காவது அணியாயிற்று.

ஆகவே இரண்டு எண்களைத் தனித்தனியாக எழுதுங்கள்: வீசிய அணிகள், வைத்திருந்த அணிகள். பிட்சர் ஜெஸ்ஸி சாவேஸ் போன்றவரைப் படிக்கும்போது மூன்றாவதாக, எத்தனை முறை வியாபாரம் ஆனார் என்பதையும் சேர்த்துக்கொள்ளுங்கள். 2002 டிராஃப்டின் (அணிகள் புது வீரர்களை எடுக்கும் ஆண்டுத் தேர்வு) 42-ஆம் சுற்றில் எடுக்கப்பட்டவர் அவர். குறைந்தது பத்து முறை கைமாறியிருக்கிறார். டி.எஃப்.ஏ. ஆவதற்கும் வியாபாரம் ஆவதற்கும் உள்ள தூரத்தை அந்த மூன்றாவது எண் காட்டும். ஒவ்வொரு வியாபாரத்திலும் எதிர்ப்பக்கத்தில் யார் போனார், எவ்வளவு ரொக்கம் என்பதை வலப்பத்தியில் எழுதிவையுங்கள். அந்த ஆண்டில் சந்தை அவரை என்ன விலைக்கு மதித்தது என்பது அங்கே இருக்கும்.